66 வயதில் அறிமுக நடிகை: சோரா லெல்லாவின் திரை வாழ்க்கை

இத்தாலியத் திரைப்படப் பத்திரிகையாளர்கள் 1946 முதல் வழங்கிவரும் வெள்ளி நாடா விருது அந்நாட்டின் மூத்த திரை விருதுகளில் ஒன்று. 1982இல் அதன் சிறந்த அறிமுக நடிகை விருது, சோரா லெல்லா என்று அறியப்பட்ட எலேனா ஃபாப்ரீட்சிக்குப் போனது. அப்போது அவருக்கு வயது 66. உடல் பருத்து, நரை கூடி, ரோம் நகரத் தீவொன்றில் சாப்பாட்டுக்கடை நடத்திவந்த பாட்டி அவர். உண்மையில் அது அவருக்கு அறிமுகமும் அல்ல. 1958இல் வெளிவந்து உலகம் முழுக்கப் பேசப்பட்ட ஒரு படத்தில் அவர் ஏற்கெனவே நடித்திருந்தார். நடுவர்கள் தவறிவிட்டார்கள் என்று சொல்வதில் பயனில்லை. அத்தனை ஆண்டுகள் திரையில் வந்துபோயும் அந்த அம்மாளை யாரும் சரியாகப் பார்த்திருக்கவில்லை என்பதற்கு அந்த விருதே சாட்சி. போருக்குப் பிந்தைய இத்தாலிய நகைச்சுவைப் படங்களைத் தாங்கி நின்ற வயதான பெண்களை அந்தத் திரையுலகம் எப்படிப் பயன்படுத்திக்கொண்டது என்பதை அறிய இவருடைய வாழ்க்கையைவிட நல்ல வழி எனக்குத் தெரியவில்லை.

எலேனா பிறந்தது 1915 ஜூன் 17. ஆறு பிள்ளைகளில் கடைசி. ரோமின் மையத்தில், காம்போ தெ ஃபியோரி சதுக்கத்துக் காய்கறிச் சந்தையில் தாய் கடை போட்டிருந்தார். தந்தை வண்டிக்காரர். எலேனா கைக்குழந்தையாக இருக்கும்போதே அவர் இறந்துவிட, தாயின் கடை வருமானத்தில் ஆறு பிள்ளைகளும் வளர்ந்தார்கள். மூத்தவர்களில் ஒருவரான ஆல்டோ, தங்கையைவிடப் பத்து வயது பெரியவர். கிடைத்த வேலையெல்லாம் செய்து, ரோமானிய வட்டாரப் பேச்சில் கவிதை எழுதி, சினிமாக் கொட்டகைகளில் படத்துக்கு முன் நடக்கும் மலிவான மேடை நிகழ்ச்சிகளில் சிரிப்பு மூட்டி, 1942இல் டிராலிபஸ் நடத்துநர் வேடத்தில் திரைக்கு வந்தார். அடுத்த ஆண்டே 'காம்போ தெ ஃபியோரி' என்ற பெயரிலேயே ஒரு படம். அதில் அவர் மீன் வியாபாரி. 1945இல் ரொசெலினியின் 'ரோம், திறந்த நகரம்' படத்தில் நாஜிகளால் சுட்டுக் கொல்லப்படும் பாதிரியார் தோன் பியேத்ரோவாக நடித்தபின் ஆல்டோ ஃபாப்ரீட்சியின் பெயர் உலகறிந்ததாயிற்று.

அண்ணனும் தங்கையும் ஒரே சந்தையில் வளர்ந்தவர்கள். அதே பேச்சு, அதே கனத்த உடம்பு, எதையும் பட்டென்று சொல்லிவிடும் அதே வாய். ஆனால் அண்ணனுக்கு அது மூலதனமாயிற்று. தங்கை கல்யாணம் செய்துகொண்டு சமையற்கட்டுக்குப் போனார். அவரிடமும் அதே மூலதனம் இருப்பதைக் கண்டுகொள்ளத் திரையுலகத்துக்கு ஏறத்தாழ 40 ஆண்டுகள் பிடித்தன.

1958இல் வந்த அந்தப் படம் மாரியோ மொனிச்செல்லியின் 'இ சோலிட்டி இன்யோட்டி'. அடகுக்கடையைக் கொள்ளையடிக்கக் கிளம்பி, தவறான சுவரை உடைத்து, கடைசியில் யாரோ வீட்டுச் சமையலறையில் பாஸ்தாவும் கொண்டைக்கடலையும் தின்றுவிட்டு வெளியேறும் ஏழைத் திருடர்களின் கதை. 'இத்தாலிய பாணி நகைச்சுவை' என்று பின்னால் பெயர் பெற்ற வகைக்குத் தொடக்கமாக விமர்சகர்கள் இதைத்தான் சொல்வார்கள். திருடர்களில் இளையவன் மாரியோ அநாதை விடுதியில் வளர்ந்தவன். அங்கே வேலை பார்த்த பெண்களெல்லாம் அவனுக்கு அம்மாக்கள். அந்த அம்மாக்களில் ஒருவரான சின்யோரா ஆதாதான் எலேனா. சில நிமிட வேடம். ஆனால் தாய் என்று ஒருத்தி இல்லாதவனுக்குப் பல தாய்கள் இருப்பது அந்தத் திருட்டுக் கதைக்குள் ஓடும் ஈரமான சரடு. அந்த வேடம் பொய்யாகத் தெரிந்திருந்தால் மாரியோ கடைசியில் திருட்டை விட்டு விலகுவதும் நம்பும்படி இருந்திருக்காது.

அந்தப் படத்துக்கு ஆட்களைச் சேர்த்த விதம் கவனிக்கத் தக்கது. தங்கையை வீட்டுக்குள் பூட்டிவைக்கும் சிசிலிக்காரனாக நடித்த திபேரியோ முர்ஜா சிசிலிக்காரரே அல்ல, சார்டீனியத் தீவுக்காரர். ரோமில் ஓர் உணவகத்தில் வேலை பார்த்துக்கொண்டிருந்தவரை முகத்துக்காகப் பிடித்துவந்தார்கள். குரல் வேறொருவருடையது. எப்போதும் தின்றுகொண்டே இருக்கும் கிழவன் கப்பனெல்லே படத்தில் பொலோன்யாக்காரன். நடித்த கார்லோ பிசக்கானே நேப்பிள்ஸ்காரர். அவருக்கும் இரவல் குரல்தான். இத்தாலியில் அன்று படப்பிடிப்பில் ஒலியைப் பற்றிக் கவலைப்படுவது குறைவு. வசனத்தைப் பிறகு ஸ்டுடியோவில் பதிவுசெய்து ஒட்டுவார்கள். முகத்தை ஓரிடத்திலும் குரலை இன்னோரிடத்திலும் எடுத்துச் சேர்ப்பது அங்கே அன்றாடத் தொழில் நடைமுறை. கிளாடியா கார்டினாலேகூடத் தொடக்க காலப் படங்களில் தன் குரலில் பேசியதில்லை.

இந்த நடைமுறையில் லாபம் அடைந்தவர்களும் உண்டு. முர்ஜா போன்ற ஒருவர் 100 படங்களுக்கு மேல் நடிக்க முடிந்தது அதனால்தான். நஷ்டப்பட்டவர்கள் குரலையே உடைமையாகக் கொண்டவர்கள். எலேனாவின் முகத்தைப் போன்ற முகங்கள் ரோமின் எந்தச் சந்தையிலும் கிடைக்கும். கரகரத்து, அடித்தொண்டையிலிருந்து வந்து, வாக்கியத்தின் கடைசியில் சலிப்போடு தரையில் உட்கார்ந்துவிடுகிற அந்தக் குரல் ஒருவருக்கு மட்டுமே உரியது. சில நிமிட அம்மா வேடத்தில் அதற்கு வேலை இல்லை.

அதே காலத்தில், கணவருடன் சேர்ந்து டைபர் ஆற்றின் நடுவிலுள்ள தீவில் ஓர் உணவகத்தைத் தொடங்கினார். கப்பல் வடிவம் கொண்ட சின்னத் தீவு அது. ஒரு பக்கம் 16ஆம் நூற்றாண்டிலிருந்து இயங்கும் மருத்துவமனை. இன்னொரு பக்கம் கி.மு. 62இல் கட்டி இன்றும் ஆட்கள் நடந்துபோகிற ஃபாப்ரீசியோ பாலம். பாலத்தைக் கடந்தால் பழைய யூதக் குடியிருப்பு. பாலத்தின் காலடியில் இருந்த அந்தக் கடைக்கு அவர் பெயரே பெயராயிற்று: சோரா லெல்லா. ரோமானியர்கள் தெருவில் தெரிந்த நடுவயதுப் பெண்களை 'சோரா' என்று கூப்பிடுவார்கள். லெல்லா எலேனாவின் செல்லப்பெயர்.

அங்கே கிடைத்தது ரோமானிய ஏழைகளின் சாப்பாடு. டெஸ்டாச்சோ பகுதியில் 1890 வாக்கில் நகரத்தின் பெரிய இறைச்சிக்கூடம் வந்தது. அங்கே வேலை செய்தவர்களுக்குக் கூலியின் ஒரு பகுதியாகத் தோல், வால், குடல், ஈரல் போன்றவை கிடைத்தன. மாட்டின் நான்கு கால்பங்கும் வசதியுள்ளவர்களுக்குப் போய்விட, மிஞ்சியதற்கு 'ஐந்தாம் கால்பங்கு' என்று பெயர். எருதின் வாலைத் தக்காளியிலும் செலரித்தண்டிலும் மணிக்கணக்காக வேகவைப்பதும், பால்குடி மறக்காத கன்றின் குடலைப் பாஸ்தாவில் சேர்ப்பதும் அந்த மிச்சத்திலிருந்து பிறந்தவை. இன்று ரோமுக்கு வருகிறவர்கள் தேடிப்போய்க் காசு கொடுத்துச் சாப்பிடுவது அதைத்தான். நட்சத்திரங்களுக்கு நல்ல பங்கைப் பிரித்துக் கொடுத்துவிட்டு மிஞ்சியதை வாங்கிக்கொண்ட குணச்சித்திர நடிகைகளும் இத்தாலியத் திரையின் ஐந்தாம் கால்பங்கு என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

இந்த இடத்தில் வேறு இருவரைச் சொல்லாமல் நகர முடியாது. ஏனென்றால் எலேனாவுக்கு நேர்ந்ததைச் சமையல்காரிக்கு நேர்ந்த தற்செயல் என்று ஒதுக்கிவிடக் கூடாது. முறையாகப் பயின்று வந்தவர்களுக்கும் ஏறக்குறைய இதுதான் கிடைத்தது.

அன்கோனாவில் பிறந்த ஆவே நிங்கி ரோமின் நாடகக் கழகத்தில் படித்தவர். நடிகர் குடும்பத்துப் பெண். 1947இல் லூயிஜி சாம்பாவின் 'விவெரே இன் பாச்சே' படத்தில் ஆல்டோ ஃபாப்ரீட்சிக்கு மனைவியாக நடித்துத் துணை நடிகைக்கான வெள்ளி நாடாவைப் பெற்றார். வயது முப்பதைச் சற்றே தாண்டியிருந்தது. பெற்ற விருதே அவருக்கு வேலியாயிற்று. 1951இல் 'குவார்தியே எ லாத்ரி' படத்தில் மறுபடியும் ஃபாப்ரீட்சிக்கு மனைவி. அதே ஆண்டு ஃபாப்ரீட்சியே இயக்கிய 'பஸ்ஸகுவாய் குடும்பம்' படத்தில் மறுபடியும் மனைவி. அதன் தொடர்ச்சிகளிலும் மனைவி. அதட்டுவதும் பொறுத்துப்போவதும் தட்டை மேசையில் வைப்பதும் அவர் பாகமாயின. பிரெஞ்சுக்காரர்கள் கூப்பிட்டபோதும் கதை மாறவில்லை. ரெனே கிளெமானின் 'பிளேன் சொலேய்' படத்தில் ஒரு சின்யோரா. லூயி மாலின் 1971ஆம் ஆண்டுப் படம் ஒன்றில் வீட்டு வேலைக்காரி அகுஸ்தா. இரண்டிலும் அவரைப் பார்த்தவர்களுக்கு முகம் நினைவிருக்கும், பெயர் இருக்காது.

அவர் பெயரை இத்தாலி முழுக்கக் கொண்டுசேர்த்தது தொலைக்காட்சி. 1971இல் ஃபாப்ரீட்சி, பவுலோ பனெல்லி, பீச்சே வலோரி ஆகியோருடன் அரசுத் தொலைக்காட்சியான ராயின் சனிக்கிழமை இரவு நிகழ்ச்சி ஒன்றில் வந்தார். 1970களின் நடுவில் ஒயின் விமர்சகர் லூயிஜி வெரொனெல்லியுடன் சேர்ந்து 'ஆ தாவொலா அல்லே 7' என்ற சமையல் நிகழ்ச்சியை நடத்தினார். திரைப்படத்தில் 25 ஆண்டுகள் அடுத்தவர் வீட்டு அடுக்களையில் நின்றவர், தொலைக்காட்சியில் தன் பெயரோடு அடுக்களையில் நின்றார். இதை வீழ்ச்சி என்று எழுதுபவர்களோடு நான் உடன்படவில்லை. முதன்முறையாக யாருக்கும் மனைவியாக இல்லாமல் அவர் பேசிய இடம் அது.

இன்னொருவர் நேப்பிள்ஸின் தீனா பீக்கா. 1884இல் நாடகக் குடும்பத்தில் பிறந்து, எதுவார்தோ தெ பிலிப்போவின் குழுவில் பல ஆண்டுகள் நடித்தவர். 1953இல் கொமென்சினியின் 'பாணே, ஆமோரே எ ஃபான்டாசியா' வந்தபோது வயது 69. விட்டோரியோ டி சிகா நடித்த போலீஸ் அதிகாரியின் வீட்டு வேலைக்காரி கரமெல்லா. ஜீனா லொல்லொபிரிஜிதாவுக்காகக் கொட்டகைக்கு வந்தவர்கள் இந்த ஒல்லிக் கிழவியின் இடிக்குரலைப் பேசிக்கொண்டு வீடு போனார்கள். அதன் தொடர்ச்சிப் படத்துக்காக 1955இல் அவருக்கும் வெள்ளி நாடா கிடைத்தது. 1957இல், 73 வயதில், தீனோ ரீசியின் 'லா நொன்னா சபெல்லா'வில் தலைப்புப் பாத்திரமே அவருடையது. மூவரிலும் கதாநாயகி என்ற இடத்தைத் திரையில் தொட்டது இவர் ஒருவர்தான். அதற்கு அவர் பாட்டியாகும்வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

மீண்டும் எலேனாவுக்கு வருவோம். 1960களிலும் 70களிலும் அவர் வாழ்க்கை பெரும்பாலும் கடையில் கழிந்தது. 1974இல் எத்தொரே ஸ்கோலாவின் 'சேரவாமோ தாந்தோ ஆமாத்தி'யில் அண்ணன் ஆல்டோ, ஊழல் செய்தே பெருத்த கட்டட முதலாளி கத்தெனாச்சியாக வருகிறார். அந்தக் குடும்பத்துக் காட்சிகளில் எலேனாவும் இருக்கிறார். இருந்தார் என்பதற்கு மேல் சொல்ல அங்கே அதிகம் இல்லை.

திருப்பம் வந்த வழி எனக்கு மிகவும் முக்கியமாகப் படுகிறது. 1976இல் இத்தாலிய அரசியல் சாசன நீதிமன்றம் உள்ளூர் ஒலிபரப்பில் அரசுக்கு இருந்த ஏகபோகத்தை முடித்துவைத்தது. ஊருக்கு ஊர் தனியார் வானொலிகள் முளைத்தன. ரோமின் அப்படிப்பட்ட வானொலி ஒன்றில் சோரா லெல்லா பேச ஆரம்பித்தார். கூப்பிட்டவர்களுக்குப் பதில் சொன்னார், யோசனை சொன்னார், திட்டவும் செய்தார். முகத்தைக் கண்டு குரலை விட்டுவிட்ட திரையுலகத்துக்கு, முகமே இல்லாத ஊடகம் அந்தக் குரலைத் திருப்பிக் கொடுத்தது.

அந்தக் குரலைத் திரைக்குக் கொண்டுவந்தவர் கார்லோ வெர்டோனே. 1950இல் ரோமில் பிறந்தவர். தந்தை மாரியோ வெர்டோனே திரைப்பட ஆய்வாளர். பிள்ளை வளர்ந்த வீடு டைபர் கரையில், லெல்லாவின் தீவிலிருந்து நடந்துபோகும் தூரம். தொலைக்காட்சியில் பலவகை மனிதர்களைப் போலச் செய்துகாட்டிப் பெயர் வாங்கிய அவரை வைத்துச் செர்ஜியோ லியோனே 1980இல் ஒரு படம் தயாரித்தார். அடுத்த ஆண்டு இரண்டாவது படம்: 'பியாங்கோ, ரொஸ்ஸோ எ வெர்டோனே'. தேர்தல் நாளில் சொந்த ஊருக்கு வாக்களிக்கப் போகும் மூவரின் பயணம். அன்று இத்தாலியர்கள் தங்கள் பெயர் பதிவான ஊரில்தான் வாக்களித்தாக வேண்டியிருந்தது, அதனால் தேர்தல் வந்தால் நாடே சாலைக்கு வந்துவிட்டது. மூன்று பாத்திரங்களையும் வெர்டோனேயே செய்தார். மனைவியை அறிவுரையால் சித்திரவதை செய்யும் ஃபூரியோ, மியூனிக்கிலிருந்து வழியெல்லாம் வாய் திறக்காமல் கார் ஓட்டிவரும் பஸ்க்வாலே, பாட்டியை வெரோனாவிலிருந்து ரோமுக்கு அழைத்துவரும் வெகுளிப் பேரன் மிம்மோ. அந்தப் பாட்டி தெரேசாதான் எலேனா.

மிம்மோவின் பகுதியை உற்றுப் பார்த்தால் வேலை எப்படிப் பிரிந்திருக்கிறது என்பது விளங்கும். வெர்டோனே கண்ணை அகல விரித்து, வார்த்தைகளை இழுத்து, கைகளை என்ன செய்வதென்று தெரியாதவராக நிறையச் செய்கிறார். எலேனா எதுவுமே செய்வதில்லை. முன்னால் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். பேரன் நீளமாக ஒன்றைச் சொல்லி முடித்ததும் இரண்டு மூன்று சொல் வருகிறது. அந்த இரண்டு மூன்று சொல்லுக்காகத்தான் அவ்வளவு நீளமும் என்று அப்போது தெரிகிறது. சிரிக்க வைப்பவர் அவர் என்றாலும் சிரிப்பை எதிர்பார்த்து அவர் முகம் ஒரு கணமும் காத்திருப்பதில்லை. பயின்ற நகைச்சுவை நடிகர்களுக்கே கைவராத அடக்கம் இது. சந்தைக் கடையில் வாடிக்கையாளரிடமும் உணவகத்தில் மேசைக்கு மேசையும் ஒரு வாழ்நாள் பேசிப் பழகியவருக்கு அது இயல்பாக அமைந்திருந்தது.

வழியில் பாட்டிக்கு ஊசி போட வேண்டிவருகிறது. மிம்மோவுக்குத் தைரியம் இல்லை. 'இளவரசன்' என்று பட்டப்பெயர் கொண்ட லாரி ஓட்டுநர் ஒருவர் உதவிக்கு வருகிறார். நடித்தவர் மாரியோ பிரேகா, லியோனேயின் கௌபாய்ப் படங்களில் ஆட்களை அடித்து நொறுக்கிய முரடர். ஊசியைப் போட்டுவிட்டு, தன் கை இரும்பாகவும் இருக்கும் இறகாகவும் இருக்கும், இன்று இறகாக இருந்தது என்று பெருமையடித்துக்கொள்கிறார். ரோமில் இன்றும் அந்த வசனத்தை அறியாதவர் அரிது. வசனம் பிரேகாவுடையது. ஆனால் அந்தக் கையை இறகாக்கியது வசனமல்ல. உடம்பைக் காட்டக் கூச்சமின்றி, முகத்தில் பயமின்றி, முன்பின் தெரியாத முரடரிடம் தன்னை ஒப்படைத்துவிடுகிற கிழவியின் நிதானம்தான். கதைநாயகிகளுக்கு அந்தக் காலச் சினிமா தராத ஒரு சுதந்திரம் அந்தக் காட்சியில் அவருக்கு இருக்கிறது. அழகாகத் தெரிய வேண்டிய கட்டாயமே இல்லை.

கடைசியில் ரோம் வந்து சேர்ந்து, வாக்குச்சாவடியின் தடுப்புக்குள் போன பாட்டி அங்கேயே இறந்துவிடுகிறார். நகைச்சுவைப் படத்தின் முடிவில் இப்படியொரு மரணத்தை வைப்பதற்குத் துணிச்சல் வேண்டும். அந்த மரணம் பார்ப்பவரைத் தாக்குகிறது என்றால், வழி நெடுக அவர் வேடிக்கைப் பொருளாக இல்லாமல் மனுஷியாகவே இருந்தார் என்று பொருள். வெள்ளி நாடா இதற்காக வந்தது.

1983இல் வெர்டோனே மறுபடியும் அழைத்தார். 'அக்வா எ சபோனே' படத்தில் இலக்கியம் படித்துவிட்டுப் பள்ளியில் கடைநிலை ஊழியராக இருக்கும் ரொலாந்தோ, அமெரிக்க மாடல் சிறுமி ஒருத்திக்குப் பாடம் சொல்லித்தருவதற்காகப் பாதிரியார் வேடம் போடுகிறான். அவனுடைய பாட்டி எலேனா. 1984இல் இத்தாலியின் உயர்ந்த திரை விருதான டேவிட் டி டொனாட்டெல்லோ, துணை நடிகைக்காக அவருக்குக் கிடைத்தது. அறிமுக விருதுக்கும் இந்த விருதுக்கும் இடையே இரண்டே ஆண்டுகள். நடிப்புத் தொழிலில் இவ்வளவு சுருக்கமாக ஒரு முழு வாழ்க்கை அடங்கியதை நான் வேறெங்கும் கண்டதில்லை.

அதற்குப் பின் நடந்ததில் எனக்கு வருத்தம் உண்டு. 1980களில் தனியார் தொலைக்காட்சிகள் பெருகி, மாலை முழுக்க நிரப்ப வேண்டிய நேரம் ஏராளமாகக் கிடந்தது. மவுரீட்சியோ கோஸ்டான்சோவின் அரட்டை நிகழ்ச்சி போன்றவற்றில் சோரா லெல்லா விரும்பி வரவேற்கப்பட்ட விருந்தாளியானார். மக்கள் அவரை நேசித்தார்கள், அதில் சந்தேகமில்லை. ஆனால் தொலைக்காட்சிக்கு வேண்டியிருந்தது 'சோரா லெல்லா' என்ற ஆள். எலேனா ஃபாப்ரீட்சி என்ற நடிகையை அது கேட்கவில்லை. அவர் நடிக்கவே இல்லை, தன்னையே காட்டினார் என்ற பேச்சும் அப்போது நிலைபெற்றது. பாராட்டுப்போல ஒலிக்கும் இந்தப் பேச்சு அவருக்குப் பெரும் அநீதி. தெரேசா பாட்டி அளவோடு பேசுகிறவர். கேமராவுக்கு முன் எதைச் சொல்லாமல் விடுவது என்று அறிந்து விட்டவர் நடிகைதான். அண்ணன் ஆல்டோவும் சந்தைக்காரர் மகன், அவரும் சந்தைப் பேச்சைத்தான் பேசினார். அவர் தன்னையே காட்டினார் என்று எவரும் எழுதியதாக எனக்கு நினைவில்லை.

ஆல்டோ 1990 ஏப்ரலில் காலமானார். எலேனா 1993 ஆகஸ்ட் 9 அன்று ரோமில் இறந்தார். உணவகத்தை மகனும் அவருக்குப் பின் பேரப்பிள்ளைகளும் நடத்திவந்தார்கள். படங்களில் பேரன்களைத் திட்டித் திட்டி வளர்த்தவரின் கடை பேரன்கள் கைக்கு வந்தது.

2008இல் வெர்டோனே தன் பழைய பாத்திர வகைகளுக்குத் திரும்பி 'கிராந்தே, குரொஸ்ஸோ எ... வெர்டோனே' எடுத்தார். மிம்மோவின் வாரிசு என்று சொல்லத்தக்க வெகுளி ஒருவன் அதிலும் உண்டு, பெயர் லியோ. ஆனால் இந்த முறை அவனருகே உட்கார்ந்து இரண்டு மூன்று சொல்லில் அவனை அடக்கப் பாட்டி இல்லை. அவன் பகுதியில் வரும் வயதான பெண் அவனுடைய தாய். கதை தொடங்கும்போதே அவள் இறந்துவிடுகிறாள், மீதிக் கதை அவளுடைய சவப்பெட்டியைச் சுற்றி ஓடுகிறது. இரண்டு படங்களையும் அடுத்தடுத்துப் பார்க்க வாய்க்கிறவர்கள் வெர்டோனேயை விட்டுவிட்டு அவருக்குப் பக்கத்து இருக்கையைக் கவனித்துப் பார்க்கலாம். முதல் படத்தில் அவர் அவ்வளவு செய்ய முடிந்ததற்கு அங்கே இருந்தவர் காரணம் என்பது அப்போது தெரியும்.